ஜட்ஜுக்கு எதுக்குக் கண்ணு ஓட்டு?

2025 மார்ச் மாசம் முழுக்க எங்க வீட்டு மெயில்பாக்ஸ்ல தினமும் ரெண்டு மூணு பளபள அட்டை வந்து விழுந்துட்டே இருந்துச்சு. எல்லாம் ஏப்ரல் 1 எலக்‌ஷன் சமாச்சாரம்தான். ஒரு அட்டையில ஒரு மனுஷன் மூஞ்சிய கருப்பு வெள்ளையில கோரமா போட்டு, இவர் குற்றவாளிங்க மேல நடவடிக்கை எடுக்காம விட்டவர்னு எழுதியிருக்கும், அடுத்த அட்டையில ஒரு அம்மா மூஞ்சி, அவங்க மேலயும் கிட்டத்தட்ட அதே குற்றச்சாட்டு. அப்பா அப்ப எங்ககூட அமெரிக்காவுல, விஸ்கான்சின் மாநிலத்து மேடிசன்ல இருந்தார், ஜனவரியில வந்தவர், குளிருக்கு வெளிய போக முடியாம அவருக்கு இருந்த ஒரே வெளி வேலை அந்த மெயில்பாக்ஸ் வரைக்கும் நடந்து போயிட்டு வர்றதுதான். மூணாவது நாளோ நாலாவது நாளோ கண்ணாடிய நெத்திக்கு ஏத்திட்டு கேட்டார்.

"ஏங்கண்ணு, இவங்க ரெண்டு பேரும் எம்எல்ஏவுக்கு நிக்கறவங்களா?"

"இல்லீங்ப்பா, ஜட்ஜுக்கு நிக்கறாங்க. ஸ்டேட் சுப்ரீம் கோர்ட் ஜட்ஜு."

அட்டைய முன்னாடி பின்னாடி திருப்பிப் பாத்தார். "ஜட்ஜுக்கு எதுக்குக் கண்ணு ஓட்டு?"

அப்பா 34 வருஷம் கோர்ட்ல வேலை பாத்தவர், கடைசியா கொங்குப் பக்கம் ஒரு தாலுகா ஊர் முன்சீஃப் கோர்ட்ல சிரஸ்தாரா (ஆபீஸ் தலைமை குமாஸ்தா) ரிடையர் ஆனார். அதனால சின்ன வயசுல எனக்கு ஜட்ஜுன்னா எங்க ஊருக்கு வந்த முன்சீஃப்தான். அதுல ஒருத்தர் சாயந்திரம் தனியா வாக்கிங் போவார், யார்கிட்டயும் நின்னு பேச மாட்டார், ஊர்க் கல்யாணம் எதுக்கும் போக மாட்டார். ஒரு பொங்கலுக்கு யாரோ அவர் குவார்ட்டர்ஸ் வாசல்ல ஒரு கட்டுக் கரும்பை சாத்தி வெச்சுட்டுப் போயிட்டாங்க, யாருன்னே தெரியல, கேஸ் நடக்கற பார்ட்டியா இல்ல சும்மா மரியாதைக்கு வெச்சவங்களான்னும் தெரியல. அவர் டவாலியக் கூப்புட்டு அந்தக் கட்டை அவுக்காம அப்படியே கோர்ட் வாசல்ல கொண்டு போய் வெக்கச் சொல்லிட்டார், வெச்சவங்க பாத்துட்டு எடுத்துட்டுப் போகட்டும்னு. யாரும் எடுக்க வரல. நாலஞ்சு நாள் அங்கயே கெடந்துச்சு, தோகை சுருண்டு, அடிக்கணுப் பக்கம் எறும்பு மொச்சுக்கிட்டு. எனக்கு அப்ப எட்டு ஒம்போது வயசு இருக்கும், ஸ்கூலுக்குப் போறப்பவும் வர்றப்பவும் அதைப் பாத்துட்டே போனது நல்லா ஞாபகம் இருக்கு.

இப்படி ஒரு மனுஷன்கூட தினமும் வேலை பாத்தவர்கிட்ட, இங்க ஜட்ஜு மேடையேறி ஓட்டு கேப்பாங்க, டிவியில விளம்பரம் குடுப்பாங்க, அதுக்கு நன்கொடை வாங்குவாங்கன்னு எங்கிருந்து ஆரம்பிச்சுச் சொல்றதுன்னே எனக்குப் புரியல. எனக்கே அரைகுறையாத்தான் தெரியும். 2024லதான் சிட்டிசன் ஆனேன், இது என்னோட ரெண்டாவது எலக்‌ஷன். அதனால ஒரு மூணு வாரம் நானும் அப்பாவும் ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் இதையே படிச்சோம், இதையே பேசினோம். அப்படிப் பேசினதுல எனக்குத் தெளிஞ்ச ஒரு விஷயத்தை எழுதணும்னுதான் இவ்வளவு நாளா மனசுல வெச்சிருந்தேன்.

முதல்ல ஒரு குழப்பத்தைத் தீத்துக்கணும். அமெரிக்கா சுப்ரீம் கோர்ட்னா நம்ம ஆளுங்க எல்லாருக்கும் வாஷிங்டன்ல இருக்கற அந்த ஒம்போது பேர்தான் ஞாபகம் வருவாங்க, பிரசிடென்ட் பேர் சொல்லி, செனட் ஓட்டுப் போட்டு, ஆயுசு வரைக்கும் பதவி. அது வேற. 50 மாநிலத்துக்கும் தனித்தனியா ஒரு உச்ச கோர்ட் இருக்கு, டெக்ஸஸ்லயும் ஓக்லஹோமாவுலயும் கிரிமினல் கேஸுக்குன்னு தனியா ஒண்ணு இருக்கறதால மொத்தம் 52. இந்த நாட்டுல நடக்கற கேஸ்ல நூத்துக்குத் தொண்ணூத்தஞ்சுக்கு மேல மாநில கோர்ட்லதான் நடக்குது. டைவர்ஸ், வீட்டு வாடகைத் தகராறு, ஆக்சிடென்ட், கொலை, எலக்‌ஷன் வழக்கு எல்லாம் அங்கதான். மாநில அரசியல் சட்டத்துக்கு என்ன அர்த்தம்னு கடைசி வார்த்தை சொல்றது இந்த அஞ்சு பேரோ, ஏழு பேரோ, ஒம்போது பேரோதான். பேர்லகூட ஒரு சிக்கல் இருக்கு, நியூயார்க்ல சுப்ரீம் கோர்ட்னா அது கேஸ் முதல்ல விசாரிக்கற கீழ் கோர்ட், அங்க உச்ச கோர்ட்டோட பேரு கோர்ட் ஆஃப் அப்பீல்ஸ்.

இந்த ஜட்ஜுங்க எப்படி வர்றாங்கங்கறது மாநிலத்துக்கு மாநிலம் வேற. டெக்ஸஸ், அலபாமா மாதிரி இடத்துல கட்சி பேரோடயே தேர்தல்ல நிக்கறாங்க. வர்ஜீனியாவுலயும் சவுத் கரோலினாவுலயும் சட்டசபைதான் தேர்ந்தெடுக்குது. மசாசூசெட்ஸ்ல கவர்னர் நியமிக்கறார் (இங்க கவர்னர்னா நம்ம ஊர் சீஃப் மினிஸ்டர் மாதிரி, ஜனங்க ஓட்டுல வந்தவர்), 70 வயசு வரைக்கும் இருக்கலாம். ரோட் ஐலண்ட்ல வயசு வரம்பும் கிடையாது, உசிரோட இருக்கற வரைக்கும் பதவி, மாநிலங்கள்ல அது ஒண்ணுதான் அப்படி. ஏதோ ஒரு கட்டத்துல உச்ச கோர்ட் ஜட்ஜு ஜனங்க ஓட்டை சந்திச்சே ஆகணும்ங்கற மாநிலம் மட்டும் 38. அப்பாவுக்கு இந்த எண்ணிக்கைய நம்பவே முடியல, ரெண்டு தடவை கேட்டார்.

எங்க விஸ்கான்சின்ல ஏழு ஜட்ஜு, ஒவ்வொருத்தருக்கும் 10 வருஷம். ஒரு வருஷத்துல ஒரு சீட்டுக்கு மேல தேர்தல் வெக்கக் கூடாதுன்னு மாநில அரசியல் சட்டத்துலயே இருக்கு, அதனால கோர்ட் முழுசா ஒரே அடியில மாறாது, ஆனா அதே காரணத்தால பெரும்பாலும் ஏதாவது ஒரு ஏப்ரல்ல ஒரு சண்டை நடந்துட்டே இருக்கும். ஓட்டுச்சீட்டுல கட்சி பேரு இருக்காது. யாரு எந்தப் பக்கம்னு மட்டும் எல்லாருக்கும் தெரியும். 2025ல காலியானது ஆன் வால்ஷ் ப்ராட்லி இருந்த சீட், அவங்க 1995ல இருந்து மூணு தடவை ஜெயிச்சு 30 வருஷம் இருந்துட்டு, இதுக்கு மேல நிக்கலைன்னு சொல்லிட்டாங்க. கோர்ட் 4க்கு 3ன்னு இருந்ததால அந்த ஒரு சீட் எந்தப் பக்கம் சாயுதோ அந்தப் பக்கம்தான் கருக்கலைப்பு சட்டம், தொழிற்சங்க உரிமை, தொகுதி எல்லை எல்லாம் போகும்னு ரெண்டு தரப்பும் சொன்னாங்க. நின்னவங்க சூசன் க்ராஃபோர்டும் ப்ராட் ஷிமெலும், அவங்க டெமாக்ரட் கட்சி ஆதரிச்ச தாராளவாதப் பக்கம், இவர் ரிபப்ளிகன் கட்சி ஆதரிச்ச பழமைவாதப் பக்கம். 2023ல ஜேனட் ப்ரோட்டாசேவிச் ஜெயிச்ச தேர்தல்ல 5 கோடி டாலருக்கு மேல செலவாச்சு, ஜட்ஜு தேர்தல்னு பாத்தா அதுவே நாட்டுக்கே ரெக்கார்டு. 2025ல அது கிட்டத்தட்ட ரெண்டு மடங்கு, 10 கோடி டாலர். ஈலான் மஸ்க்கும் அவர் பணம் குடுக்கற அமைப்புகளும் மட்டும் 2 கோடிக்கு மேல ஷிமெலுக்காக இறக்கினாங்க, தேர்தலுக்கு ரெண்டு நாள் முன்னாடி க்ரீன் பேல மஸ்க் மேடையேறி ஓட்டர் ரெண்டு பேருக்குத் தலா 10 லட்சம் டாலர் செக் குடுத்தார். க்ராஃபோர்ட் பக்கமும் ஜார்ஜ் சோரோஸ், இல்லினாய் கவர்னர் பிரிட்ஸ்கர்னு பெரிய கைங்க கட்சி வழியா பணம் குடுத்திருந்தாங்க.

அந்த செக் குடுக்கற வீடியோவ அப்பா டிவியில பாத்தார். எதுவும் சொல்லல. டிவிய அணைச்சுட்டுப் போய்ப் படுத்துட்டார்.

நான் மட்டும் உக்காந்து, இந்த ஊர்ல யாருக்கு எப்ப இந்த யோசனை வந்துச்சுன்னு தேடினேன். எனக்கு ஆச்சரியமா இருந்தது என்னன்னா, ஜட்ஜுங்கள அரசியல்வாதி கையில இருந்து காப்பாத்தத்தான் தேர்தலே வந்திருக்கு. ஆரம்பத்துல எல்லா இடத்துலயும் கவர்னரோ சட்டசபையோதான் ஜட்ஜை வெச்சாங்க. எல்லா ஜட்ஜுக்கும் தேர்தல்னு முதல்ல கொண்டு வந்தது மிசிசிப்பி, 1832ல. பெரிய அலையா மாறினது 1846ல நியூயார்க் புது அரசியல் சட்டம் எழுதினதுக்கு அப்புறம். அதுக்கு முன்னாடி 1837ல பெரிய பொருளாதார சரிவு, மாநில அரசுகள் கால்வாய் வெட்டறோம், ரயில் விடறோம்னு கடன் வாங்கிக் கொட்டித் திணறிட்டு இருந்துச்சு, சட்டசபையத் தட்டிக் கேக்க வேண்டிய ஜட்ஜை அந்த சட்டசபையும் கவர்னருமே வெச்சா அவர் எப்படிக் கேப்பார்னு ஜனங்க நினைச்சாங்க. எங்க ஓட்டுல வந்தவர்னா யாருக்கும் பயப்பட வேண்டாமேன்னு. அப்பாகிட்ட காலையில இதைச் சொன்னேன், "அந்த நேரத்துக்கு அது நியாயந்தான்"னார். எனக்கும் அப்படித்தான் பட்டுச்சு, இன்னைக்கும் தேர்தல் வேணும்ங்கறவங்கள நான் மோசமா நினைக்கறதில்ல.

ஆனா கொஞ்ச நாள்லயே, யாரு நிக்கணும்னு முடிவு பண்றது கட்சித் தலைவர்னு ஆகிப்போச்சு. மிசோரியில கேன்சஸ் சிட்டியைத் தன் கையில வெச்சிருந்த டாம் பெண்டர்காஸ்ட்டுங்கற ஆளு சொன்னாத்தான் ஜட்ஜுகூட நிக்க முடியும்ங்கற நிலைமை. அவர் 1939ல வருமான வரி ஏய்ப்புல ஜெயிலுக்குப் போனார், அடுத்த வருஷமே மிசோரி ஜனங்க ஓட்டுப் போட்டு முறையையே மாத்திட்டாங்க. அதுக்கு மிசோரி பிளான்னே பேரு நின்னுபோச்சு. ஒரு ஜட்ஜு, வக்கீலுங்க தங்களுக்குள்ள தேர்ந்தெடுத்த மூணு வக்கீல், கவர்னர் போட்ட மூணு பொதுஜனம், இந்த ஏழு பேர் கமிட்டி மூணு பேரைப் பரிந்துரைக்கணும், அதுல ஒருத்தரை கவர்னர் 60 நாளைக்குள்ள எடுத்துக்கணும். அந்த ஜட்ஜு ஒரு வருஷமாவது வேலை பாத்ததுக்கு அப்புறம் வர்ற பொதுத் தேர்தல்ல எதிர் வேட்பாளர் யாரும் இல்லாம ஜனங்க முன்னாடி நிக்கணும். கேள்வி ஒண்ணுதான், இவர் தொடரலாமா வேண்டாமா. வேணும்னா 12 வருஷம். இதுக்கு ரிடென்ஷன் தேர்தல்னு பேரு.

பக்கத்து கேன்சஸ் இதுக்கு மாறின கதை இன்னும் மோசம். 1956ல கவர்னர் ஃப்ரெட் ஹால் சொந்தக் கட்சியிலயே தோத்துட்டார், பதவி முடிய சில நாள்தான் பாக்கி. சீஃப் ஜஸ்டிஸ் பில் ஸ்மித் ராஜினாமா பண்ணார், உடனே கவர்னர் ராஜினாமா பண்ணார், துணை கவர்னர் ஜான் மெக்குயிஷ் பதினோரு நாளைக்கு கவர்னர் ஆனார், ஆனதும் ஹாலை அந்தக் காலி இடத்துக்கு உச்ச கோர்ட் ஜட்ஜா போட்டுட்டார். பேஸ்பால்ல மூணு பேரை ஒரே அடியில அவுட் ஆக்கறதுக்கு என்ன பேரோ அதையே, டிரிபிள் பிளேன்னு, இதுக்கும் வெச்சாங்க. ஜனங்க கொதிச்சுப்போய் 1958ல அரசியல் சட்டத்தையே திருத்தினாங்க.

சரி, மிசோரி பிளான் வந்துடுச்சு, கமிட்டி வந்துடுச்சு, இதோட பிரச்சினை தீந்துச்சான்னா, இல்ல. எனக்கு விஷயம் புரிஞ்சது இந்த இடத்துலதான், அதுவும் ரெண்டு மாநிலத்தை எடுத்துப் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பாத்தப்ப.

2003 நவம்பர்ல மசாசூசெட்ஸ் உச்ச கோர்ட் 4க்கு 3ன்னு, ஒரே பாலினத்தவங்க கல்யாணம் பண்ணிக்கறதைத் தடுக்க முடியாதுன்னு தீர்ப்பு சொல்லுச்சு. நாட்டுலயே எந்த மாநிலத்துலயும் அதுக்கு முன்னாடி நடக்காத விஷயம். தீர்ப்பை எழுதினது சீஃப் ஜஸ்டிஸ் மார்கரெட் மார்ஷல், தென்னாப்பிரிக்காவுல பொறந்த அம்மா. மாநிலமே ரெண்டாகி நின்னுச்சு, ஆனா அவங்க பதவிய யாரும் தொட முடியாது, 70 வயசு வரைக்கும் அவங்க யார்கிட்டயும் போய் நிக்க வேண்டியதில்ல. 2009 ஏப்ரல் 3ம் தேதி அயோவா உச்ச கோர்ட் அதே மாதிரி கேஸ்ல அதே மாதிரி தீர்ப்பு சொல்லுச்சு. அதுவும் 7க்கு 7, ஒருத்தர்கூட மாத்திச் சொல்லல. அயோவா 1962ல இருந்தே மிசோரி மாதிரி கமிட்டி முறை, 8 வருஷத்துக்கு ஒரு தடவை ஆமா இல்லைன்னு ஜனங்க ஓட்டு. அந்த ஏழு பேர்ல மூணு பேரோட பேரு 2010 நவம்பர் ஓட்டுச்சீட்டுல வர வேண்டிய முறை, சீஃப் ஜஸ்டிஸ் மார்ஷா டெர்னஸ், மைக்கேல் ஸ்ட்ரைட், டேவிட் பேக்கர். அவங்க வேற எந்தத் தப்பும் பண்ணல. அந்த வருஷம் அவங்க முறை வந்துச்சு, அவ்வளவுதான். வெளி மாநில அமைப்புங்க எல்லாம் பணத்தோட வந்து, இவங்களை வெளிய அனுப்புங்கன்னு பிரச்சாரம் பண்ணாங்க. இந்த மூணு பேரும் ஒரு டாலர்கூட திரட்ட மாட்டோம், ஜட்ஜு பிரச்சாரம் பண்ணா கோர்ட்டுக்கு அழகில்லைன்னு இருந்துட்டாங்க. மூணு பேரும் தோத்தாங்க. சுமார் நூத்துக்கு 54 பேர் வேண்டாம்னு போட்டிருந்தாங்க.

அதே 2010ல மார்கரெட் மார்ஷலும் பதவிய விட்டாங்க. கணவருக்கு பார்க்கின்சன் நோய், அவர்கூட இருக்கணும்னு, தானாவே ராஜினாமா.

இதை நான் அப்பாவுக்குப் படிச்சுக் காட்டிட்டு இருந்தப்ப அவர் ரசம் சாதத்துல கையை வெச்சபடியே இருந்தார், "ரெண்டு பேரும் ஒரே தீர்ப்புத்தானே கண்ணு எழுதினாங்க" அப்படின்னார். ஆமா. ரெண்டு கோர்ட்லயும் ஜட்ஜை உள்ள கொண்டு வந்த விதம்கூட ஏறக்குறைய ஒண்ணுதான், கமிட்டி பேர் குடுக்க, கவர்னர் போட. வெளிய போற வாசல்தான் வேற. நாம எல்லாரும் ஜட்ஜை யாரு தேர்ந்தெடுக்கணும்ங்கறதைப் பத்தியே மணிக்கணக்கா சண்டை போடறோம், ஆனா உள்ள வந்தவரோட கையை நடுங்க வெக்கறது, நான் திரும்ப யார்கிட்ட போய் நிக்கணும்ங்கற நினைப்புதான். இதுதான் எனக்குத் தெளிஞ்சதுன்னு மேல சொன்ன விஷயம்.

இந்த நடுக்கத்தை ஒரு ஜட்ஜே வாய்விட்டுச் சொல்லியிருக்கார். கலிஃபோர்னியா உச்ச கோர்ட்ல 80கள்ல இருந்த ஆட்டோ காவுஸ். தேர்தல் வர்ற நேரத்துல பரபரப்பான கேஸ் வந்தா அதோட அரசியல் விளைவை நினைக்காம இருக்கறது, குளிக்கற தொட்டியில முதலை இருக்கறதைக் கவனிக்காம இருக்கற மாதிரின்னார். அவர் சொன்னது கற்பனை இல்ல. 1986 நவம்பர்ல அதே கோர்ட்டோட சீஃப் ஜஸ்டிஸ் ரோஸ் பர்ட் மரண தண்டனை கேஸ் எல்லாத்துலயும் தண்டனைய ரத்து பண்ற பக்கமே ஓட்டுப் போட்டாங்கன்னு பெரிய பிரச்சாரம் நடந்து, அவங்களையும் கூட இன்னும் ரெண்டு ஜட்ஜையும் ஜனங்க ஒரே நாள்ல வீட்டுக்கு அனுப்பினாங்க. பென்சில்வேனியாவுல கீழ் கோர்ட் ஜட்ஜுங்க குடுத்த தண்டனைகளை எடுத்து ஆராய்ச்சி பண்ணவங்க, ரிடென்ஷன் ஓட்டு நெருங்க நெருங்க அதே ஜட்ஜு குடுக்கற தண்டனை நீளுதுன்னு காட்டியிருக்காங்க. அதைப் படிச்சப்ப எனக்கு வயித்தைப் பெசஞ்சுச்சு. தேர்தலுக்கு ஆறு மாசம் முன்னாடி கூண்டுல நின்னவனுக்கும், தேர்தல் முடிஞ்சு ஆறு மாசத்துல நின்னவனுக்கும் ஒரே குற்றத்துக்கு வேற வேற தண்டனை. அந்த மனுஷனுக்கு அது தெரியக்கூடப் போறதில்ல.

திரும்ப நிக்க வேண்டியது ஜனங்ககிட்டயா இருக்கணும்னுகூட இல்ல. நியூஜெர்சியில முதல்ல 7 வருஷம், அப்புறம் கவர்னர் மறுபடி பேரை அனுப்பி செனட் ஒத்துக்கிட்டா 70 வயசு வரைக்கும். 1947ல அந்த அரசியல் சட்டம் வந்ததுல இருந்து 2010 வரைக்கும் தொடரணும்னு கேட்ட எந்த ஜட்ஜையும் எந்தக் கட்சி கவர்னரும் மறுத்ததில்ல. 2010ல கவர்னர் கிறிஸ் கிறிஸ்டி, ஜான் வாலஸ்ங்கற ஜட்ஜோட பேரை அனுப்ப மாட்டேன்னுட்டார். வாலஸ் அப்ப அந்தக் கோர்ட்ல இருந்த ஒரே கருப்பின ஜட்ஜு, 70 ஆக ரெண்டு வருஷம்கூட இல்ல. கோர்ட்டோட போக்கு எனக்குப் புடிக்கலைன்னு கவர்னர் சொன்னதுதான் காரணம். அதுக்கு அப்புறம் ஏழு வருஷம் முடியப் போற ஒவ்வொரு ஜட்ஜும் தீர்ப்பு எழுத உக்காரறப்ப வாலஸை நினைக்காம இருப்பாங்களா?

பணம்னு வந்தா வெஸ்ட் வர்ஜீனியா கதையச் சொல்லியே ஆகணும், அப்பா இதைத்தான் போன்ல எல்லார்கிட்டயும் சொல்லிட்டு இருந்தார். ஹியூ கேப்பர்டன்னு ஒரு சின்ன நிலக்கரி கம்பெனிக்காரர், மாசி கோல்ங்கற பெரிய கம்பெனி மேல கேஸ் போட்டு 5 கோடி டாலர் நஷ்ட ஈடு ஜெயிச்சார். அப்பீல் மாநில உச்ச கோர்ட்டுக்குத்தான் போகும். அதுக்கு நடுவுல 2004 ஜட்ஜு தேர்தல் வந்துச்சு, மாசியோட தலைவர் டான் பிளாங்கன்ஷிப் ப்ரென்ட் பெஞ்சமின்ங்கற வேட்பாளருக்காக 30 லட்சம் டாலர் செலவு பண்ணார், பெஞ்சமின் ஜெயிச்சார், அப்பீல் வந்தப்ப அந்தக் கேஸை விசாரிக்கறதுல இருந்து நான் ஒதுங்க மாட்டேன்னு உக்காந்தார், மாசி பக்கம் 3க்கு 2 தீர்ப்பு. வாஷிங்டன் சுப்ரீம் கோர்ட் 2009ல, இது சரியில்ல, அவர் ஒதுங்கியிருக்கணும்னு சொல்லுச்சு, அதுவும் 5க்கு 4தான், நாலு பேருக்கு இதுல தப்புத் தெரியல. அடுத்த வருஷமே எங்க விஸ்கான்சின் உச்ச கோர்ட் 4க்கு 3ன்னு ஒரு விதி போட்டுச்சு, சட்டப்படி குடுத்த தேர்தல் நன்கொடை ஒண்ணை மட்டும் காரணமா வெச்சு ஜட்ஜு ஒதுங்கணும்னு அவசியமில்லைன்னு. எனக்குக் கோபம் வந்தது இதுலதான். கோர்ட் வாசல்ல எறும்பு மொச்ச அந்தக் கரும்புக் கட்டு கண்ணு முன்னாடியே நின்னுச்சு. யாரு வெச்சாங்கன்னே தெரியாத கரும்பையே ஒருத்தர் தொடல. இங்க குடுத்தவர் பேரும் தொகையும் வெப்சைட்டுல போட்டிருக்கு, குடுத்தவர் கேஸும் கோர்ட்ல இருக்கு, வாங்கினவர் பெஞ்ச்ல உக்காந்திருக்கார்.

ஏப்ரல் 1ம் தேதி காலையில அப்பாவும் என்கூட வந்தார். எங்க வார்டுக்கு ஓட்டுச்சாவடி பக்கத்து எலிமென்டரி ஸ்கூல் ஜிம். டிரைவிங் லைசென்ஸைக் காட்டி, நோட்டுல கையெழுத்துப் போட்டு, பெரிய கெட்டிப் பேப்பர் ஒண்ணை வாங்கிட்டு அட்டைத் தடுப்புக்குப் பின்னாடி போனேன். ஜட்ஜு, அப்புறம் பள்ளிக்கல்வி சூப்பரின்டென்டென்ட், ஓட்டுப் போட போட்டோ ஐடி வேணும்ங்கறதை அரசியல் சட்டத்துலயே எழுதலாமான்னு ஒரு கேள்வி. பேருக்குப் பக்கத்துல சின்ன முட்டை வடிவ வட்டம், அதைக் கருப்பு மையில நெரப்பணும். ரெண்டு பேர் வாதாடினதையும் நான் கேட்டதில்ல, எழுதின தீர்ப்பு ஒண்ணையும் படிச்சதில்ல, தெரிஞ்சதெல்லாம் அந்த அட்டைகள்ல இருந்த மூஞ்சிதான். அந்த வட்டத்தை நெரப்பறப்ப என் கை கொஞ்சம் நின்னுச்சு. ஆனா போட்டேன், போடாம வர எனக்கு மனசு வரல, 2020 ஏப்ரல்ல கொரோனா உச்சத்துல மில்வாக்கியில 180 சாவடி இருக்க வேண்டிய இடத்துல அஞ்சே அஞ்சு சாவடி தெறந்து, ஜனங்க மாஸ்க்கைப் போட்டுட்டு மணிக்கணக்கா வரிசையில நின்னதை நான் டிவியில பாத்திருக்கேன், அன்னைக்கு ஓட்டுச்சீட்டுல இருந்ததும் ஒரு சுப்ரீம் கோர்ட் சீட்தான். அப்பா ஜிம் வாசல்ல குழந்தைங்க வரைஞ்ச படத்தைப் பாத்துட்டு நின்னுட்டிருந்தார். மெஷின் பேப்பரை உள்ள இழுத்ததும் சத்தம் கேட்டுத் திரும்பிப் பாத்தார்.

க்ராஃபோர்ட் ஜெயிச்சாங்க, ஏறக்குறைய 55க்கு 45. 23 லட்சத்துக்கு மேல ஓட்டு விழுந்திருந்துச்சு, வெறும் ஏப்ரல் தேர்தலுக்கு அது ரொம்பப் பெரிய கூட்டம். நான் போட்டது யாருக்குன்னு இங்க எழுதப் போறதில்ல. அவங்க 2035 வரைக்கும் இருக்கலாம். அதுக்கு அப்புறம் வேணும்னா மறுபடி நிக்கலாம்.

அந்த "மறுபடி"தான் எனக்கு உறுத்துது. இதுக்கு இங்கயே ஒரு யோசனை கெடக்குது, 2013ல விஸ்கான்சின் வக்கீல் சங்கம் ஒரு குழு போட்டு யோசிச்சு, தேர்தலை எடுக்க வேண்டாம், ஜனங்களே தேர்ந்தெடுக்கட்டும், ஆனா ஒரே ஒரு தடவை, 16 வருஷம், அதோட முடிஞ்சுதுன்னு சொன்னாங்க. எடுத்துக்கத்தான் ஆள் இல்ல. எனக்கு அது ரொம்பப் புடிச்சுப்போச்சு. பணம் உள்ள வர்றதை அது நிறுத்தாது, அது எனக்குத் தெரியும். ஆனா உள்ள வந்தவங்க அதுக்கு மேல யாருக்கும் கடன்பட்டு உக்கார வேண்டியதில்ல, அடுத்த தேர்தலுக்கு யாரு செக் எழுதுவாங்கன்னு பாக்க வேண்டியதில்ல, அயோவா ஜட்ஜுங்களுக்கு நடந்தது அவங்களுக்கு நடக்காது.

அப்பா முழுசா ஒத்துக்கல. "நம்மூர்லயும் ஹைகோர்ட்னா 62, சுப்ரீம் கோர்ட்னா 65, யார்கிட்டயும் போய் நிக்க வேண்டாம், சரி. ஆனா ரிடையர் ஆகறதுக்கு ஒரு வருஷம் இருக்கறப்பவே, அடுத்து கமிஷனா, ட்ரிப்யூனலான்னு ஒரு நாற்காலி கண்ணுக்குத் தெரிய ஆரம்பிச்சுரும் கண்ணு. நாப்பத்தெட்டு வயசுல வர்ற உன்ற ஜட்ஜு அறுபத்துநாலுல வெளிய வந்து என்ன பண்ணுவாங்க? அதையும் எழுது" அப்படின்னார். நியாயமான கேள்வி. அதனால ஜட்ஜு வேலை முடிஞ்சா முழுப் பென்ஷன், அஞ்சு வருஷத்துக்கு எந்த அரசாங்கப் பதவியும் கூடாதுன்னு என் தரப்புல நான் சேத்துக்கிட்டேன்.

எழுதுன்னு அவர் சொன்னது இந்தக் கட்டுரைய இல்ல. எங்க தொகுதி சட்டசபை உறுப்பினருக்கு ஒரு லெட்டர். இங்க அரசியல் சட்டத்தைத் திருத்தணும்னா ரெண்டு சட்டசபை, ஒரு தேர்தலுக்கு முன்னாடி ஒண்ணு பின்னாடி ஒண்ணு, ரெண்டும் தனித்தனியா நிறைவேத்தி அப்புறம் ஜனங்க ஓட்டுக்கு வரணும், நாளாகும், அதனால சீக்கிரம் ஆரம்பிக்கணும். மே மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை உக்காந்து ரெண்டு பக்கம் எழுதினேன், அயோவா, மசாசூசெட்ஸ், அந்தத் தொட்டியில முதலை எல்லாம் வந்துடுச்சு. பிரின்ட் எடுத்து அப்பாகிட்ட குடுத்தேன். பேனாவை எடுத்துக்கிட்டு, கோர்ட்ல பிளெய்ன்ட் சரிபாக்கற மாதிரி வரி வரியா விரலை வெச்சுப் படிச்சார். ரெண்டாவது பக்கம் முடிஞ்சதும் திருப்பி அடுத்த பக்கம் இருக்கான்னு பாத்தார்.

"எல்லாம் சரி. பிரேயர் எங்க?"

"என்னங்ப்பா?"

"மனு போட்டா கடைசியில என்ன பரிகாரம் வேணும்னு கேக்கணும்ல. நடந்ததை எல்லாம் எழுதிட்டு, கேக்க வேண்டியதைக் கேக்காம விட்டா கேஸ் நம்பர் ஆகாது, ரிட்டர்ன் பண்ணிருவோம்."

திரும்ப லேப்டாப்பைத் தெறந்து கடைசியா ரெண்டு வரி சேத்தேன். உச்ச கோர்ட் ஜட்ஜுக்கு ஒரே தடவை, 16 வருஷம், மறுபடி நிக்கக் கூடாது. இதை இந்த செஷன்லயே முதல் ஓட்டுக்கு வைங்க.

அப்பா வாங்கிப் படிச்சுட்டு, தேதி போட்டியான்னு கேட்டார். போட்டேன்.